தாய்லாந்து ஆவணப்பட இயக்குநர் நொன்தவாட்: நடுநிலையா, நழுவலா?

கல்தூண் எழுதியது:

2025 ஜூலை 24-ஆம் தேதி தாய்லாந்தும் கம்போடியாவும் எல்லையில் பீரங்கியால் அடித்துக்கொண்டபோது நம்ம சேனல்கள் வரைபடத்தைப் போட்டுப் போட்டுக் காட்டின. 28-ஆம் தேதி புத்ராஜாயாவில் போர்நிறுத்தம் என்றதும் வரைபடத்தைச் சுருட்டிவிட்டு அடுத்த செய்திக்குப் போய்விட்டார்கள். அந்த எல்லையோர ஊர்களில் 2013-க்கு முன்பே கேமராவோடு சுற்றிய ஒரு ஆள் இருக்கிறார். பெயர் நொன்தவாட் நும்பென்சபோல். அவரைப் பற்றித் தமிழில் யாரும் உருப்படியாக எழுதியதாகத் தெரியவில்லை. அதனால்தான் இந்த இழை.

1983-இல் பாங்காக்கில் பிறந்தவர். படித்தது ரங்சிட் பல்கலைக்கழகத்தில், காட்சித் தொடர்பு வடிவமைப்பு. சினிமாப் பள்ளி கிடையாது. முதல் நீளப் படம் ஸ்கேட்போர்டு ஓட்டும் பையன்களைப் பற்றியது. அங்கிருந்து நேராக நாட்டின் மிகச் சிக்கலான அரசியலுக்குள் குதித்தார். வரிசை இது: 'பவுண்டரி' (2013), அதே ஆண்டில் 'பை தி ரிவர்', பிறகு 'பிகேகேஒய்' (2016), 'சாயில் விதவுட் லேண்ட்' (2019), கடைசியாக முழுக் கதைப்படம் 'டோய் பாய்' (2023).

'பவுண்டரி' 2013 பெர்லின் விழாவின் ஃபோரம் பிரிவில் முதலில் திரையிடப்பட்டது. 2010 ஏப்ரல், மே மாதங்களில் பாங்காக்கில் செஞ்சட்டைக்காரர்களின் (முன்னாள் பிரதமர் தக்சினின் ஆதரவாளர்கள்) போராட்டம் நடந்ததே, ராச்சபிரசோங் சந்திப்பை ஆக்கிரமித்து உட்கார்ந்தார்களே, மே 19 அன்று ராணுவம் உள்ளே புகுந்து கலைத்ததே, 90 பேருக்கு மேல் செத்தார்களே, அந்த நடவடிக்கையில் இருந்த ஓர் இளம் சிப்பாயைப் பிடிக்கிறார். பெயர் ஆட். சிசாகெட் மாகாணத்துக் கிராமத்துப் பையன். அவனோடு ஊருக்குப் போகிறார். அந்த ஊர், இரண்டு நாடும் உரிமை கேட்டு மோதிய ப்ரேயா விஹியர் கோயிலை ஒட்டிய எல்லை மாகாணத்தில் இருக்கிறது. பாதிப் படத்தில் பையனை விட்டுவிட்டுப் படம் எல்லைக்கு நகர்ந்துவிடுகிறது. ஷெல் விழுந்த வீடுகள், பள்ளிக்கூடம், பதுங்குகுழி. அப்புறம் எல்லையைத் தாண்டிக் கம்போடியப் பக்கம்.

பின்னணிக் குரல் கிடையாது. நிபுணர் கிடையாது. நீள நீளமான ஷாட், நடுவில் எழுத்து அட்டைகள். யார் சரி, யார் தப்பு என்று ஒரு இடத்திலும் சொல்வதில்லை. என் கேள்வி இதுதான்: இது துணிச்சலா, சாமர்த்தியமா? எனக்குத் துணிச்சல் என்றுதான் படுகிறது. மாற்றுக் கருத்து இருப்பவர்கள் வாருங்கள்.

ரீல்பெட்டி எழுதியது:

மாற்றுக் கருத்து இருக்கிறது, வருகிறேன். நான் ஆவணப்பட எடிட்டிங் மேஜையில் உட்கார்ந்து பிழைப்பவன். 'யார் பக்கமும் சாயாத கேமரா' என்று யாராவது சொன்னால் எனக்கு முதலில் சிரிப்புத்தான் வரும். எங்கே கேமரா வைத்தாய் என்பதே ஒரு பக்கம்தான். சிப்பாயைத் தேர்ந்தெடுத்தாய், சுடப்பட்டவனின் அம்மாவைத் தேர்ந்தெடுக்கவில்லை. அப்புறம் எங்கே நடுநிலை?

இன்னொன்று. ஆட் என்கிற பையனைப் பாதியில் கழற்றிவிட்டதை ஏதோ கவித்துவமாக எழுதுகிறார்கள். எனக்கு அது பொருள் தீர்ந்துபோன இயக்குநர் போலத்தான் தெரிந்தது. அந்தப் பையனிடம் இன்னும் நாலு கேள்வி கேட்டிருக்க வேண்டும். அன்றைக்கு உன் கையில் என்ன துப்பாக்கி, யார் உத்தரவு, எங்கே நின்றாய்? கேட்கவில்லை.

வேம்படி எழுதியது:

வணக்கம், நான் யாழ்ப்பாணம். ரீல்பெட்டி அண்ணா சொன்ன முதல் பகுதி எனக்குச் சரியாய்ப் பட்டது, இரண்டாவது சரியில்லை.

ஒரு சிப்பாயின் வீட்டுக்குப் போய் அவன் அம்மா சமைப்பதையும் அவன் வயலில் நிற்பதையும் காட்டினால் பார்க்கிற எங்களுக்குள் என்ன நடக்கும் என்று இயக்குநருக்குத் தெரியும். எனக்கு அந்த இடத்தில் எரிச்சல் வந்தது. மறைக்க ஒன்றுமில்லை, படத்தை நிறுத்திவிட்டு எழும்பிப் போனேன். சீருடைக்காரனுக்கும் ஏழைக் குடும்பம் இருக்குது என்கிற கதையை நாங்கள் எத்தனை பேரிடம் கேட்டிருப்போம். பிறகு தொடர்ந்து பார்த்தபோதுதான் விளங்கியது: அந்தப் பையன் வளர்ந்த மாகாணமும் செஞ்சட்டைக்காரர் பலர் வந்த மாகாணமும் ஒரே வடகிழக்குத்தான். ஈசான் என்று சொல்லும் அந்தப் பகுதியில் இருந்துதான் கட்டாய ராணுவ சேவைக்கும் ஆள் போகிறது, ஆர்ப்பாட்டத்துக்கும் ஆள் போகிறது. துப்பாக்கிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே சனம். இதைப் படத்தில் யாரும் வாய்திறந்து சொல்லேல்லை. அவனைப் பின்தொடர்ந்து ஊருக்குப் போனதாலேயே அது தெரியவருது.

மன்னித்துவிட்டேன் என்று அர்த்தமில்லை. ஆனால் அவனை விட்டுவிட்டு எல்லைக்குப் போனதைப் பொருள் தீர்ந்ததாக நான் எடுக்கேல்லை. 2010-இல் அவனைப் பாங்காக்குக்கு அனுப்பிய அதே அரசுதான் 2011-இல் அவன் மாகாணத்திலேயே பீரங்கிச் சண்டை போட்டது. அங்கே போகாமல் அவன் கதை முடியாது.

கல்தூண் எழுதியது:

வேம்படி, அந்த ஈசான் விஷயத்தை நான் இவ்வளவு தெளிவாக யோசிக்கவில்லை. நன்றி.

புதிதாக வருபவர்களுக்குக் கோயில் விவகாரத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் பாதி பேச்சு புரியாது. டாங்ரெக் மலைத்தொடரின் செங்குத்துப் பாறை உச்சியில், 525 மீட்டர் உயரத்தில் இருக்கும் கெமர் காலத்துச் சிவன் கோயில் அது. சிகரேஸ்வரர். இப்போது நிற்கும் கட்டடங்களில் பெரும்பகுதி 11, 12-ஆம் நூற்றாண்டு. படிக்கட்டு வழி தாய்லாந்துப் பக்கத்தில் சாதாரணச் சரிவாக இறங்குகிறது, கம்போடியப் பக்கம் அதலபாதாளம். நீர்ப்பிரிமுகட்டை, அதாவது மழைநீர் இரண்டு பக்கமும் பிரிந்து ஓடும் மலைமுகட்டை, எல்லையாக வைப்போம் என்று அப்போது கம்போடியாவை ஆண்ட பிரெஞ்சுக்காரர்களும் சியாமும் (இன்றைய தாய்லாந்து) ஒப்புக்கொண்டார்கள். 1907-இல் பிரெஞ்சு அதிகாரிகள் வரைந்த வரைபடம் கோயிலைக் கம்போடியப் பக்கம் தள்ளியது. 1962-இல் ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றம் 9-க்கு 3 என்று கம்போடியாவுக்குக் கோயிலைக் கொடுத்தது. சுற்றியுள்ள 4.6 சதுர கிலோமீட்டர் யாருக்கு என்பது தொங்கலில் நின்றது. 2008 ஜூலையில் யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் கோயில் சேர்ந்ததும் பாங்காக் அரசியல்வாதிகள் அதைக் கையில் எடுத்தார்கள். 2011 பிப்ரவரியில் நான்கு நாள் கடும் சண்டை. பூம்ஸ்ரோல் கிராமத்தில் ஷெல் விழுந்தது. படம் வந்த அதே 2013 நவம்பரில் ஹேக் மறுபடியும் விளக்கம் சொல்லி, கோயில் நிற்கும் பாறைமுனை முழுக்கக் கம்போடியாவுக்கே என்றது.

பினாங்கு மாறன் எழுதியது:

சிவன் கோயில் என்று சொல்லிவிட்டுக் கோயிலை ஏன் இவ்வளவு குறைவாகக் காட்டுகிறார்? நான் அதற்காகவே உட்கார்ந்து பார்த்தேன்லா. கடைசியில்தான் கொஞ்சம் வருகிறது. அந்தக் கோபுர வாசல், நாகப் படிக்கட்டு எல்லாம் ஒரு பத்து நிமிஷம் காட்டியிருக்கலாம்.

ரீல்பெட்டி எழுதியது:

மாறன், இந்த ஒரு விஷயத்தில் நான் இயக்குநர் பக்கம். இரண்டு நாட்டுத் தொலைக்காட்சியும் கோயிலைத்தான் காட்டிக் காட்டி வெறியேற்றின. அழகாக ஒரு டிரோன் ஷாட் வைத்தால் 'நம்ம கோயில்' என்று இரண்டு பக்கமும் கைதட்டுவான். கீழே இருக்கிறவன் வீட்டுக்கூரையைக் காட்டினால்தான் கொஞ்சமாவது வாயை மூடுவான். அங்கே பெரிய சிமெண்ட் குழாயைப் படுக்கவைத்து மேலே மண்மூட்டை அடுக்கி வைத்திருப்பார்கள், அதுதான் பதுங்குகுழி. நம்ம ஊரில் பாலத்துக்குக் கீழே தண்ணீர் போக வைக்கிற அதே குழாய். உள்ளே நிமிர்ந்து உட்கார முடியாது. கோயில் மேலே, குழாய் கீழே. எதைக் காட்டுவது என்று தேர்ந்தெடுக்க வேண்டியதுதான்.

நிலாமுற்றம் எழுதியது:

இந்தப் படத்தைத் தடை செய்தார்களாமே? என்ன காட்சிக்காக?

கல்தூண் எழுதியது:

அது ஒரு தனிக் கூத்து. 2013 ஏப்ரல் 23-ஆம் தேதி தணிக்கைக் குழு தடை என்று சொன்னது. காரணம்: தேசப் பாதுகாப்பு, அயல்நாட்டு உறவு, அப்புறம் இன்னும் நீதிமன்றத்தில் இருக்கிற, அதிகாரபூர்வமாக முடிவு சொல்லப்படாத சம்பவங்களைப் படம் பேசுகிறது என்பது. நொன்தவாட் அதை முகநூலில் போட்டார், பத்திரிகைகள் எடுத்துக்கொண்டன. இரண்டே நாளில் தடை ரத்து. துணைக்குழு எடுத்த முடிவு, முறைப்படி நடக்கவில்லை, தொழில்நுட்பத் தவறு என்றார்கள். 18 வயதுக்கு மேல் என்று சான்றிதழ் கொடுத்தார்கள்.

ஆனால் ஒரு சின்ன நிபந்தனை. படத்தின் தொடக்கத்தில் ராச்சபிரசோங் சந்திப்பில் புத்தாண்டுக் கொண்டாட்டம் வருகிறது. 2010 முடிந்து 2011 பிறக்கிறது. கூட்டம், விளக்கு, மேடையில் அறிவிப்பாளர். எட்டு மாதத்துக்கு முன்னால் ரத்தம் சிந்திய அதே சந்திப்பு. அந்த அறிவிப்பாளர் மன்னரின் 84-வது பிறந்தநாளைக் கொண்டாடுவோம் என்று ஒரு வரி சொல்கிறார். அந்த வரியின் சத்தத்தை மட்டும் எடுக்கச் சொன்னார்கள். சுமார் இரண்டு வினாடி. யாரோ மேடையில் எல்லோருக்கும் கேட்கும்படி மைக்கில் சொன்னதுதான், அவமதிப்பாக ஒரு சொல்லும் இல்லை. ஆனாலும் செத்தவர்கள் நினைவும் மன்னர் பெயரும் ஒரே காட்சியில் அக்கம்பக்கம் வந்துவிடக் கூடாது.

அந்த நாட்டில் 112-ஆம் பிரிவு இருக்கிறது. அரச குடும்பத்தை அவமதித்தால் ஒவ்வொரு குற்றச்சாட்டுக்கும் 3 முதல் 15 ஆண்டு சிறை. அதை மனதில் வைத்துத்தான் அங்கே எடுக்கப்படும் ஒவ்வொரு படத்தையும் பார்க்க வேண்டும்.

செக்கடி வக்கீல் எழுதியது:

சட்டப் பக்கம் ஒரு சின்னச் சேர்க்கை. 1930-ஆம் ஆண்டு பழைய தணிக்கைச் சட்டத்தை மாற்றித்தான் 2008-இல் புதிய திரைப்படச் சட்டம் கொண்டுவந்தார்கள். வயதுவாரியாகச் சான்றிதழ், நவீனமான ஏற்பாடு என்று பெருமையாகச் சொன்னார்கள். ஆனால் வகைகளின் கடைசியில் 'தடை' என்பதையும் ஒரு வகையாக அப்படியே வைத்துவிட்டார்கள்! 2010-இல் தன்வாரின் சுக்கபிசிட்டின் 'இன்செக்ட்ஸ் இன் த பேக்யார்டு', 2012-இல் இங் கே இயக்கிய 'ஷேக்ஸ்பியர் மஸ்ட் டை' எல்லாம் அதில்தான் மாட்டின. ஷேக்ஸ்பியர் படத்தின் தடையை உச்ச நிர்வாக நீதிமன்றம் 2024-இல்தான் நீக்கியது. 12 வருஷம். அந்த அம்மா தணிக்கை அலுவலகத்துக்கு அலைந்த அலைச்சலையே 'சென்சார் மஸ்ட் டை' என்று இன்னொரு படமாக எடுத்துவிட்டார்.

அந்தக் கணக்கில் 'பவுண்டரி' இரண்டு நாளில் தப்பியது அதிர்ஷ்டம்.

ரீல்பெட்டி எழுதியது:

அதிர்ஷ்டமும் உண்டு, படத்தின் தன்மையும் உண்டு. இங் கே முகத்துக்கு நேரே அடிப்பவர், ஒரு தரப்பை வெளிப்படையாக எடுப்பவர். அவர் அரசியலோடு எனக்கு ஒத்துப்போகாது, ஆனால் எங்கே நிற்கிறார் என்று தெரியும். நொன்தவாட் எங்கே நிற்கிறார் என்று கேட்டால் 'எல்லையில்' என்பார் போல.

சரி, இன்னொரு விவகாரத்தையும் பேசிவிடுவோம். கம்போடியப் பக்கம் எடுத்தபோது தான் தாய்லாந்துக்காரன் என்பதை மறைத்துத்தான் எடுத்திருக்கிறார். அவரே பேட்டிகளில் சொன்னதுதான். அங்கே பேசிய சிப்பாய்களும் ஊர்க்காரர்களும் எதிரி நாட்டு ஆளிடம் பேசுகிறோம் என்று தெரியாமல் பேசினார்கள். இது அறமா? நம்ம ஊரில் ஒருவர் இப்படிச் செய்தால் சும்மா விடுவோமா?

செக்கடி வக்கீல் எழுதியது:

ஒளித்துப் படமெடுப்பது வேறு, ஆள் யார் என்பதை ஒளித்து வெளிப்படையாகப் படமெடுப்பது வேறு. கேமரா முன்னால் இருக்கிறது, பேசுகிறவருக்குத் தெரிகிறது. ஆனால் சம்மதத்தின் பாதி, யாரிடம் சம்மதிக்கிறோம் என்பது. அது இல்லாவிட்டால் அரைச் சம்மதம்தான்.

வேம்படி எழுதியது:

அரைச் சம்மதம் என்பது சரி. ஆனால் உண்மையைச் சொல்லிப் போயிருந்தால் அவரை உள்ளே விட்டிருக்க மாட்டார்கள், அந்தப் பக்கத்து ஊர்ச்சனம் படத்திலேயே இருந்திருக்காது. தாய்லாந்துப் பார்வையாளர் கம்போடியக் கிராமத்தின் இடிந்த சுவரைப் பார்க்காமலே வீட்டுக்குப் போயிருப்பார்கள். எனக்கு அதைவிட இது பரவாயில்லை. அந்த ஆட்களின் முகத்தைக் காட்டியதால் அவர்களுக்கு ஏதும் வந்ததா என்பதுதான் என் கவலை. படமெடுத்தவர் விழாவுக்குப் போய்விடுவார், முகம் காட்டியவர் அங்கேயேதான் இருக்க வேணும்.

கல்தூண் எழுதியது:

வேம்படி கடைசியில் சொன்னதை எல்லோரும் மனதில் வையுங்கள். 'டோய் பாய்' பற்றி நான் எழுத வருவது அங்கேதான் போய்ச் சேரும். அதற்கு முன்னால் 'பை தி ரிவர்'.

மேற்கே காஞ்சனபுரி மாகாணம், தொங் ஃபா ஃபூம் வட்டம். கீழ் க்ளிட்டி என்று ஒரு காரென் பழங்குடிக் கிராமம். அவர்களுக்குக் குடிக்க, குளிக்க, மீன் பிடிக்க ஒரே ஓடை. மேலே ஈயத் தாது சுத்திகரிக்கும் ஆலை. பல வருஷமாகக் கழிவை ஓடையில் விட்டது. 1998-இல் ஆலையை மூட உத்தரவு. ஆனால் ஈயம் கரைந்து ஓடிவிடும் பொருள் கிடையாது, சேற்றோடு அடியில் படிந்து கிடக்கும். மழை வந்தால் கிளம்பும், மறுபடி படியும். கிராமத்தில் பார்வை போனவர்கள், வளர்ச்சி குன்றிய குழந்தைகள்.

இதை வேறு யார் எடுத்தாலும் பாட்டில் தண்ணீர், ஆய்வகம், வெள்ளைக் கோட்டு டாக்டர் என்று போயிருப்பார்கள். இவர் ஓடையை எடுக்கிறார். ஊர்க்காரர்கள் மீன் பிடிக்கிறார்கள், சாப்பிடுகிறார்கள், தூங்குகிறார்கள். தண்ணீர் அவ்வளவு தெளிவு, அடியில் கூழாங்கல் தெரிகிறது. படம் பாதி நடிப்பா, பாதி நிஜமா என்று பிரித்துச் சொல்ல முடியாதபடி போகிறது. விஷயம் தெரிந்த பிறகு அதே தண்ணீரைப் பார்க்கும்போது வயிற்றைப் பிசைகிறது. லொகார்னோ விழாவில் 2013-இல் சிறப்புப் பாராட்டு கிடைத்தது.

செக்கடி வக்கீல் எழுதியது:

இந்த வழக்கைப் பற்றி எழுத எனக்குக் கை அரித்துக்கொண்டே இருந்தது. சுற்றுச்சூழல் வழக்கு நடத்துபவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியது. கிராமத்தார் முதலில் நஷ்டஈடு கேட்டுப் போனது ஆலை மேல் மட்டுமல்ல, அரசின் மாசுக் கட்டுப்பாட்டுத் துறை மேலேயும். தூர்வாரினால் சேறு கலங்கி இன்னும் மோசமாகும், இயற்கையாகவே சரியாகிவிடும் என்று துறை சொல்லிக்கொண்டிருந்தது. 2013 ஜனவரியில் உச்ச நிர்வாக நீதிமன்றம் தீர்ப்பு சொன்னது: கடமை தவறிவிட்டாய், வழக்குப் போட்ட 22 பேருக்கும் சேர்த்து ஏறக்குறைய 39 லட்சம் பாட் (தாய்லாந்து நாணயம்) கொடு, ஓடையைச் சுத்தம் செய். ஆலை மீதான வழக்கில் 2017-இல் 151 பேருக்கு 3.6 கோடி பாட் என்று தீர்ப்பானது. சுத்தம் செய்யும் வேலை தொடங்கவே 2017 ஆகிவிட்டது. ஆலையை மூடி 19 வருஷம் கழித்து!

படத்தில் இந்தச் சட்டப் போராட்டம் போதுமான அளவு இல்லை என்பது என் குறை. ஒரு கிராமமே எழுந்து நின்று அரசை நீதிமன்றத்தில் ஜெயித்திருக்கிறது. அவர்களை அமைதியாக மீன் பிடிக்கிறவர்களாக மட்டும் காட்டுவது ஒரு வகையில் அவர்களைச் சுருக்குவதுதான். அழகான ஷாட் யாருக்கு வேண்டும்? விழாவில் உட்கார்ந்திருப்பவருக்கு.

ரீல்பெட்டி எழுதியது:

வக்கீல் சார், கை கொடுங்கள். இதைத்தான் நான் முதலிலிருந்து சொல்கிறேன்.

பினாங்கு மாறன் எழுதியது:

தொங் ஃபா ஃபூம் என்ற பெயரைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். சயாம் மரண ரயில் அந்த வழியாகத்தான் போனது. 415 கிலோமீட்டர், 1942, 43-இல் ஜப்பான்காரன் போட்டது. மலாயா ரப்பர் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர்களை ஏற்றிக்கொண்டு போனார்கள். எங்கள் தாத்தாவின் தம்பி போனவர்தான், திரும்பவில்லை. காஞ்சனபுரியில் வெள்ளைக்காரச் சிப்பாய்களுக்கு வரிசையாகக் கல்லறை இருக்கிறது, நம்மாட்களுக்கு அந்த மாதிரி ஒன்றும் கிடையாது. இழைக்குச் சம்பந்தம் இல்லாவிட்டால் மன்னிக்கவும். அந்த மண்ணில் யார் செத்தாலும் கணக்கில் வருவதில்லை போல.

கல்தூண் எழுதியது:

சம்பந்தம் இருக்கிறது மாறன். கணக்கில் வராத ஆட்களைத்தான் இவர் தேடிப் போகிறார்.

'பிகேகேஒய்' பற்றி இரண்டு வரி போதும். பாங்காக்கில் 100 பதின்வயதினரைப் பேட்டி எடுத்து, அந்தப் பேச்சையெல்லாம் வைத்து ஜோஜோ என்ற பெண்ணின் காதல் கதையாகக் கோத்தார். கலகலப்பான படம், பார்க்கலாம். ஆனால் முறையைக் கவனியுங்கள்: பேட்டி முதலில், கதை அப்புறம். பின்னால் 'டோய் பாய்' எடுத்ததும் இதே வழிதான்.

'சாயில் விதவுட் லேண்ட்' பர்மாவின் ஷான் மாநில எல்லையில் நடக்கிறது. லோய் தாய் லெங் என்ற மலைமுகடு, ஷான் மாநில ராணுவத்தின் தெற்குப் பிரிவுக்குத் தலைமையிடம். 1996-இல் போதைமருந்து மன்னன் குன் சா சரணடைந்தபோது ஒத்துக்கொள்ளாமல் பிரிந்து வந்தவர்களிடமிருந்து வளர்ந்த படை. தாய்லாந்தில் கூலிவேலை பார்த்துத் திரும்பிய ஒரு ஷான் இளைஞன் அங்கே ராணுவப் பயிற்சிக்குப் போகிறான். 79 நிமிடம். அவ்வளவுதான் படம். ஆனால் அந்தப் பயிற்சிக் காட்சிகளைப் பாருங்கள். வரிசையில் நிற்பது, ஓடுவது, சாப்பிடுவது, சலித்துப்போவது. புரட்சிப் பாட்டு எதுவும் வந்து நம்மை உசுப்பேற்றாது. தாய்லாந்தில் இருந்தால் அடையாள அட்டை இல்லாத கூலி, இங்கே இருந்தால் துப்பாக்கி. இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கிறான், அதுவும் பெரிய தேர்வாகத் தெரியவில்லை.

வேம்படி எழுதியது:

இந்தப் படம் எனக்கு மிகவும் கஷ்டமாக இருந்தது. ஏன் என்று எழுத வேண்டியதில்லை. ஒன்று மட்டும்: அந்தப் பொடியன் சும்மா இருக்கும் நேரங்களை அவர் வெட்டவில்லை. போராளி என்றால் எல்லோரும் வீரத்தை எடுப்பார்கள் அல்லது சாவை எடுப்பார்கள். காத்திருக்கிறதை யாரும் எடுக்கிறதில்லை.

ரீல்பெட்டி எழுதியது:

எடிட்டராக ஒத்துக்கொள்கிறேன், அது சுலபமில்லை. சும்மா இருக்கும் ஆளை எத்தனை வினாடி வைத்தால் பார்ப்பவன் நெளிவான், எத்தனை வினாடியில் நெளிவதை நிறுத்திவிட்டு உண்மையிலேயே பார்க்கத் தொடங்குவான் என்று ஒரு கணக்கு இருக்கிறது. பெரும்பாலானவர்கள் நெளிகிற இடத்தில் பயந்து வெட்டிவிடுவார்கள். இவர் அதைத் தாண்டி இன்னொரு மூச்சு வைக்கிறார். 'பவுண்டரி'யில் இந்தக் கணக்கு அங்கங்கே பிசகுகிறது. சாலை ஷாட்கள் சில வெறும் நிரப்பல். 2019-க்குள் கை பழகிவிட்டது.

நிலாமுற்றம் எழுதியது:

'டோய் பாய்' நெட்ஃபிளிக்ஸில் இருக்கிறதே, அது நடிகர்கள் நடித்த சாதாரணப் படம்தானே? ஆவணப்படக்காரர் என்று சொல்லிவிட்டு அதை ஏன் இந்த வரிசையில் சேர்க்கிறீர்கள்?

கல்தூண் எழுதியது:

இதற்குத்தான் காத்திருந்தேன்.

'டோய் பாய்' 2023-இல் பூசான் விழாவில் காட்டப்பட்டு நவம்பரில் நெட்ஃபிளிக்ஸுக்கு வந்தது. நாயகன் சோர்ன், ஷான் இனத்து இளைஞன், முன்னாள் பிக்கு. காகிதம் எதுவும் இல்லாமல் சியாங் மாயில் ஆண்களுக்கான மசாஜ் பார் ஒன்றில் வேலை பார்க்கிறான். அவனிடம் வரும் ஒரு போலீஸ்காரன், காணாமல் ஆக்கப்பட வேண்டிய ஒரு செயற்பாட்டாளன். மூவரும் ஒரு புள்ளியில் மாட்டிக்கொள்கிறார்கள். அதற்கு மேல் சொன்னால் கதை உடைந்துவிடும்.

இந்தக் கதைக்கான விதை முந்தைய ஆவணப்படத்துக்காக ஷான் இளைஞர்களோடு பழகியபோது கிடைத்தது. இப்போது யோசியுங்கள். அட்டை இல்லாமல், உடலை விற்று வாழும் ஒரு பையனை நிஜ முகத்தோடு ஆவணப்படத்தில் காட்ட முடியுமா? காட்டினால் மறுநாள் நாடு கடத்திவிடுவார்கள். முகத்தை மங்கலாக்கிக் காட்டினால் அவன் வெறும் புள்ளிவிவரம் ஆகிவிடுவான். தாய்லாந்தில் குடியுரிமை இல்லாதவர்கள் என்று அரசே பதிவு செய்து வைத்திருப்பது பல லட்சம் பேர். பதிவில் வராதவர்கள் தனி. அவர்களில் பலர் தாங்கள் பதிவான மாகாணத்தை விட்டு வெளியே போகவே அனுமதி வாங்க வேண்டும்.

காணாமல் ஆக்கப்படுவதும் கற்பனை கிடையாது. 2004-இல் முஸ்லிம் வழக்கறிஞர் சோம்சாய் நீலபைஜித். 2014-இல் காரென் செயற்பாட்டாளர் போலாஜீ ரக்சொங்சரோன், எல்லோரும் பில்லி என்று கூப்பிடுவார்கள், கெங் கிராச்சான் காட்டுப் பூங்காவில் பிடிபட்டவர் வீடு திரும்பவில்லை. 2020-இல் செயற்பாட்டாளர் வன்சலெர்ம் சத்சக்சித், கம்போடியத் தலைநகர் ப்னோம் பென்னில் வீட்டு வாசலில் இருந்து வண்டியில் தூக்கிக்கொண்டு போனார்கள். சித்திரவதையையும் காணாமல் ஆக்குவதையும் குற்றமாக்கும் சட்டம் 2023 பிப்ரவரியில்தான் நடைமுறைக்கு வந்தது. காணாமல் போனவனை வைத்து ஆவணப்படம் எடுத்தால் திரையில் மிஞ்சுவது அவன் மனைவியும் ஒரு பழைய போட்டோவும்தான். தூக்கிக்கொண்டு போன வண்டிக்குள் கேமரா போக முடியாது. கதைப்படம் போகும்.

அதனால் அவர் ஆவணப்படத்தை விட்டுவிட்டார் என்று நான் நினைக்கவில்லை. வேம்படி கேட்டாரே, முகம் காட்டியவர் அங்கேயேதான் இருக்க வேண்டுமே என்று, அதற்கு அவர் கண்ட வழி என்று எடுத்துக்கொள்கிறேன்.

ரீல்பெட்டி எழுதியது:

நல்ல வாதம், ஆனால் பாதிதான் வாங்குவேன். நடிகர் முகம் வந்ததும் வேறு சில பொருட்களும் சேர்ந்து வந்துவிட்டன. வாட்டசாட்டமான நாயகன், நீல விளக்கு, த்ரில்லர் இழுவை. ஷான் பையனாக நடிப்பவர் தாய்லாந்தின் பிரபல முகம், அவத் ரத்தனபிந்தா. நன்றாகவே நடித்திருக்கிறார், குறை சொல்லவில்லை. ஆனால் 2019 படத்தில் பயிற்சி மைதானத்தில் சலித்துப்போய் நின்ற அந்தப் பையனின் முகத்துக்கு எதுவும் ஈடாகவில்லை. நெளிகிற இடத்தைத் தாண்டி இன்னொரு மூச்சு வைக்கிறார் என்றேனே, அது இதில் இல்லை. நெட்ஃபிளிக்ஸில் நெளிந்தால் ஆள் அடுத்த படத்துக்குப் போய்விடுவான் என்ற பயம்.

செக்கடி வக்கீல் எழுதியது:

எனக்கு நேர்மாறாகப் பட்டது. 'பை தி ரிவர்' படத்தில் மழுப்பியதாக நான் சொன்ன அத்தனையும் இதில் நேரடியாக இருக்கிறது. யார் கடத்துகிறார்கள், யார் சொல்லிக் கடத்துகிறார்கள், எதற்குக் கடத்துகிறார்கள். 2013-இல் இப்படி ஒரு போலீஸ்காரனை அவர் காட்டியிருப்பாரா? நடுநிலை என்று நாம் நாள் முழுக்கப் பேசிக்கொண்டிருப்பது அவருடைய பாணியா, அன்றைய காலத்தின் பயமா என்றே எனக்குச் சந்தேகம். நடுவில் 2014-இல் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது, 2020-இல் மாணவர்கள் தெருவுக்கு வந்து அதுவரை வாயில் வராததையெல்லாம் மைக்கில் பேசினார்கள். நாடே குரலை உயர்த்தியது, அவரும் உயர்த்தினார்.

வேம்படி எழுதியது:

வக்கீல் சொல்வது எனக்குப் பிடித்திருக்குது. 2013-இல் அவர் அமைதியாக எடுத்ததை வைத்து நடுநிலைவாதி என்று முத்திரை குத்தி, அதையே அவர் பாணி என்று விழாக்காரர்கள் புகழ்ந்துவிட்டார்கள். சொல்லக்கூடியதைச் சொல்லியிருக்கிறார், அவ்வளவுதான். சொல்ல முடியாததுக்குச் சத்தத்தை எடுத்த அந்த இரண்டு வினாடியே இருக்கே.

ரீல்பெட்டி எழுதியது:

அப்படிப் பார்த்தால் நடுநிலை என்ற என் குற்றச்சாட்டைத் தணிக்கைக் குழுவுக்கு அனுப்ப வேண்டும் என்கிறீர்கள். சரி, அனுப்புகிறேன். ஆனால் ஆட் என்ற பையனிடம் கேட்காத அந்த நாலு கேள்விக்கு யாரும் இன்னும் பதில் சொல்லவில்லை. தணிக்கைக்காரன் கேட்காதே என்று சொல்லவில்லையே. படம் முடிந்த பிறகுதானே அவன் வந்தான்.

நிலாமுற்றம் எழுதியது:

எனக்குத் தலை சுற்றுகிறது. எந்த வரிசையில் பார்க்கலாம் என்று யாராவது சொல்லுங்கள். மெதுவான படம் எனக்குப் பழக்கமில்லை.

கல்தூண் எழுதியது:

'டோய் பாய்' முதலில். கையில் இருக்கிறது, ஓட்டமும் இருக்கிறது. பிடித்தால் 'சாயில் விதவுட் லேண்ட்', அது அதே ஆட்களின் முன்கதை மாதிரி. மூன்றாவது 'பவுண்டரி', அதற்கு முன்னால் மேலே எழுதிய கோயில் விவகாரத்தை ஒருமுறை படித்துக்கொள்ளுங்கள். 'பை தி ரிவர்' கடைசியில், நல்ல ஒலி இருக்கும் இடத்தில். பழைய படங்கள் எளிதில் கிடைப்பதில்லை, விழாக்களும் திரைப்பட சங்கங்களும் போடும்போது பிடிக்க வேண்டியதுதான். இதே மாதிரி மனிதர்களின் உலகத்தில் இன்னும் சுற்ற வேண்டும் என்றால் 2020-இல் வந்த 'ஸ்கூல் டவுன் கிங்' பாருங்கள், குளோங் தோய் குடிசைப் பகுதியில் ராப் பாடும் இரண்டு பையன்கள், வேறு இயக்குநர், சுறுசுறுப்பான படம்.

ரீல்பெட்டி, உங்கள் நாலு கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. நீங்கள் எடிட்டர், அந்தப் பையன் பேசும் இடங்களை மறுபடி ஒருமுறை ஓட்டிப் பார்த்து எங்கே வெட்டு விழுந்திருக்கிறது என்று எழுதுங்கள். கேட்டு வாங்கி வெட்டினாரா, கேட்கவே இல்லையா என்று உங்களுக்குத்தான் கண்டுபிடிக்கத் தெரியும்.

ரீல்பெட்டி எழுதியது:

அதை ஞாயிற்றுக்கிழமை செய்கிறேன். யாரிடமாவது நல்ல பிரதி இருந்தால் சொல்லுங்கள், என்னிடம் இருப்பதில் எழுத்து அட்டையே பாதி தெரியவில்லை.